பாசிச்சாயம் தந்த பாறைவாழுயிர்

இரசாயன ஆய்வுகூடத்தினுள் முதன்முறையாகக் கால்வைக்கும் மாணவன் கையிற் கொடுக்கப்படும் பொருள்களுள் பாசிச்சாயத்தாளும் ஒன்று. நீலத்தாள் அமிலத்திற் சிவக்கும். சிவப்புத்தாள் காரத்தில் நீலமாகும். இவ்விரு வாக்கியங்களையும் மனனஞ் செய்யாது பள்ளி வாழ்வைக் கடந்தவர் நம்முள் ஒருவருமிலர். ஆயினும் அத்தாளின் பெயரிலேயே அடங்கியிருக்கும் ஒரு வினாவை நாம் பெரும்பாலும் எழுப்புவதில்லை. பாசிச்சாயம் என்பது பாசியிலிருந்து பெற்ற சாயம். அங்ஙனமாயின் அப்பாசி யாது? அது எங்கே வாழ்கின்றது? நாள்தோறும் நம் கண்ணிற்படும் திருக்கோணமலைக் கடற்பாறைகளுக்கும் அதற்கும் யாதேனும் உறவுண்டோ? இவ்வினாக்களுக்கு விடை காண முயல்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

முதற்கண் 'பாசி' என்னுஞ் சொல்லின் இயல்பை நோக்குதல் வேண்டும். தமிழில் இச்சொல் பரந்த பொருளுடையது. குளத்து நீரிற் பச்சையாய்ப் படர்வதும் பாசி. மாரிகாலத்திற் கிணற்றுக்கட்டில் வழுக்குவதும் பாசி. கடலிலிருந்து அள்ளி உலர்த்திக் கஞ்சியாகக் காய்ச்சப்படும் கஞ்சிப்பாசியும் பாசியே. செட்டிநாட்டுச் சமையலில் மணத்திற்காகச் சேர்க்கப்படும் கல்பாசியும் அப்பெயரையே தாங்கி நிற்கின்றது. தாவரவியலார் இவற்றை ஓரினமாகக் கொள்ளார். குளத்துப்பாசியும் கடற்பாசியும் அல்காக்கள். சுவரிற் பஞ்சுபோற் படர்வது பெரும்பாலும் பாசியினத் தாவரம். கல்பாசியோ இவற்றுள் எதனுள்ளும் அடங்காத வேறோர் உயிர். இதனை நம் பாடநூல்கள் இலைக்கன் என வழங்குகின்றன. இம்மயக்கம் தமிழுக்கு மட்டும் உரியதன்று. முன்னாளில் இலங்கைப்பாசி என்ற பெயரால் ஏற்றுமதியான கஞ்சிப்பாசிக்குத் தாவரவியலார் இட்டிருந்த இலத்தீன் பெயரின் பிற்பகுதியும் 'இலைக்கன் போன்றது' என்றே பொருள்படும். பாசிச்சாயத்தைத் தந்த பாசி இந்த இலைக்கன் இனத்தைச் சார்ந்தது.

இலைக்கன் என்பது தனியுயிரன்று. கூட்டு வாழ்க்கை நடத்தும் ஒரு குடும்பம் எனலாம். அதனை மெல்லிதாகச் சீவி நுணுக்குக்காட்டியின் கீழ் நோக்கின், நிறமற்ற பங்கசு இழைகள் பின்னிக் கிடப்பதையும், அவ்விழைகளிடையே பச்சை நிறமுடைய அல்காக்கலங்கள் பொதிந்திருப்பதையும் காணலாம். பங்கசு வீட்டைக் கட்டுகின்றது, வெயிலையும் வறட்சியையும் தாங்குகின்றது, பாறையைப் பற்றிக்கொள்கின்றது. அல்கா அவ்வீட்டினுள் இருந்து ஒளித்தொகுப்பினால் உணவாக்கி இருவரையும் ஊட்டுகின்றது. வெறும் பாறையில் இவற்றுள் ஒன்று தனித்து நிலைபெறுதல் அரிது. இரண்டுங் கூடியவிடத்துப் பிற தாவரங்கள் அண்டவும் அஞ்சும் இடத்திற் குடியேறிவிடுகின்றன.

இவ்வுண்மையை 1867ஆம் ஆண்டில் சுவிற்சர்லாந்து நாட்டுச் சீமோன் சுவெண்டெனர் என்பார் வெளியிட்டபோது, இலைக்கன் ஆராய்ச்சியில் அந்நாளிற் பெரும்புகழ் பெற்றிருந்த பின்லாந்து அறிஞர் வில்லியம் நைலாண்டர் அதனைக் கடுமையாக மறுத்தார். ஓருயிர் என்று தாம் எண்ணி ஆயிரக்கணக்கிற் பெயரிட்டு வைத்தவை ஈருயிர்களின் கூட்டு என்பதை ஏற்றல் அவர்க்கு எளிதாயிருக்கவில்லை. காலப்போக்கிற் சுவெண்டெனரின் கூற்றே நிலைபெற்றது. 2016ஆம் ஆண்டில் வெளிவந்த ஓர் ஆராய்ச்சி, சில இலைக்கன்களின் புறத்தோலில் மதுவ இனத்தைச் சேர்ந்த மற்றொரு பங்கசும் உறைவதைக் காட்டியது. ஈருயிர்க் கூட்டு என்று நாம் கற்பிப்பதும் சிலவிடங்களில் மூவுயிர்க் கூட்டாதல் கூடும்.

இலைக்கன்களை உருவநோக்கில் மூன்றாக வகுப்பர். பாறையோடு பாறையாய் ஒட்டிப் பூச்சுப் பூசினாற் போற் கிடப்பன ஓட்டுருவின. இலைபோல விளிம்பு தூக்கி நிற்பன இலையுருவின. சிறு செடிபோல் நிமிர்ந்தோ தாடிபோல் தொங்கியோ வளர்வன செடியுருவின. சமையற்கல்பாசி இரண்டாம் வகையைச் சேர்ந்தது. நாம் தேடும் சாயப்பாசி மூன்றாம் வகையினது. தாவரவியலார் இதன் பேரினத்தை உரொக்செல்லா என்பர். சாம்பல் வெண்மை நிறமும், கிளைத்த நாடா போன்ற உருவமும் உடையதாய், கடலை நோக்கிய செங்குத்துப் பாறைகளிலும் கரையோர மரங்களிலும் அது தொங்கும். அதனுள் வாழும் அல்கா திரெந்தெபோலியா எனப்படும். இவ்வல்கா தனித்து வாழுங்கால் மரப்பட்டைகளையும் ஈரச்சுவர்களையும் காவிநிறமாக்கும் இயல்புடையது.

உரொக்செல்லாவின் பல இனங்களுள் முதலிற் புகழ்பெற்றவை மத்தியதரைக் கடலின் கரைகளிலும், அத்திலாந்திக்குச் சமுத்திரத்துக் கனேரித் தீவுகளிலும் கேப்பு வேட்டுத் தீவுகளிலும் பாறைகளில் வளர்ந்தவை. நம் பக்கத்துக்குரியது உரொக்செல்லா மொந்தாஞே என்னும் இனம். பிரெஞ்சுத் தாவரவியலாரான கமில் மொந்தாஞ் என்பவரின் பெயரை அது தாங்குகின்றது. அவ்வினத்துக்குப் பெயரிட்டு உலகிற்கு அறிவித்தவர் புதுச்சேரித் தாவரப் பூங்காவிற் பணியாற்றிய சார்லசு பெலாஞ்சே. தென்னிந்தியாவினதும் இலங்கையினதும் வறண்ட கரையோரங்களில் மரங்களையும், சிலவிடத்துப் பாறைகளையும் பற்றி இது வாழும். மழைவீழ்ச்சி மிக்க மலைநாட்டை விரும்பாது, உப்புக்காற்று வீசும் கரையை விரும்பும் உயிர் இது.

வறண்ட கரையில் வேரில்லாத உயிர் எங்ஙனம் நீர் பெறுகின்றது? இதனை விளங்கிக்கொள்ளத் திருக்கோணமலையின் காலநிலையே போதிய சான்றாகும். இங்கு ஆண்டொன்றிற்கு ஏறக்குறைய 1,600 மில்லிமீற்றர் மழை பெய்கின்றது. அதன் பெரும்பகுதி வாடைக்காற்றோடு ஒக்டோபர் தொடக்கம் சனவரி வரையுள்ள மாதங்களிற் பொழிந்து தீர்ந்துவிடுகின்றது. பின்னர்க் கச்சான் வீசும் மாதங்களிற் புல்லுங் கருகுகின்றது. இலைக்கனோ அக்காலத்தில் நீரை முற்றாக இழந்து, தொட்டால் நொறுங்கும் நிலையை அடைகின்றது, ஆயினும் இறப்பதில்லை. உயிர்த்தொழில்களை ஏறத்தாழ நிறுத்திவிட்டுக் காத்திருக்கின்றது. இரவில் கடற்காற்றின் ஈரம் பட்டவுடன் அதனை உடல் முழுவதாலும் உறிஞ்சி விழித்துக்கொள்கின்றது. பச்சையல்காவைக் கொண்ட இலைக்கன்கள் துளி நீரின்றியும், ஈரக்காற்றில் உள்ள நீராவியை மட்டுங் கொண்டே ஒளித்தொகுப்பைத் தொடங்கவல்லன. விடியற்காலையிற் சில நாழிகை உழைத்து, வெயில் ஏறியதும் மறுபடி துயில்கொள்ளும். 2005ஆம் ஆண்டில் ஐரோப்பிய விண்வெளி நிறுவனத்தார் பாறைவாழ் இலைக்கன்கள் இரண்டினை விண்கலத்தில் ஏற்றி, ஏறக்குறைய 15 நாள் காற்றற்ற வெளியில் ஞாயிற்றின் கதிர்களுக்குத் திறந்துவைத்தனர். பூமிக்கு மீண்டபின் அவை மறுபடியும் ஒளித்தொகுப்பைச் செய்தன.

இத்துணைப் பொறுமைக்கு அவை கொடுக்கும் விலை வளர்ச்சியாகும். ஓட்டுருவான பாறை இலைக்கன்கள் பெரும்பாலும் ஆண்டொன்றிற்கு 2 மில்லிமீற்றருக்கும் குறைவாகவே விளிம்பு விரிகின்றன. செடியுருவானவை சற்று விரைந்து வளரினும், ஆண்டுக்குச் சில மில்லிமீற்றர் என்னும் அளவை எளிதிற் கடப்பதில்லை. ஆண்டுக்கு 1 மில்லிமீற்றர் விரியும் ஓர் இலைக்கன், 20 சென்ரிமீற்றர் விட்டமுடைய வட்டமாக வளர 100 ஆண்டு வேண்டும். இச்சீரான மந்தகதியையே அளவுகோலாகக் கொண்டு, பனியாறுகள் விட்டுச்சென்ற பாறைகளின் வயதைக் கணிக்கும் முறையை ஓசுத்திரிய அறிஞர் உரோலண்டு பெசெல் 1950ஆம் ஆண்டில் வகுத்தார்.

இனிச் சாயத்திற்கு வருவோம். சாம்பல் வெண்மையான இவ்வுயிரில் ஊதா நிறம் எங்கே உளது? உயிருள்ள இலைக்கனில் அந்நிறம் இல்லை. நிறமாகக் கூடிய அமிலச் சேர்வைகளே அதில் உள்ளன. உலர்த்திப் பொடித்த இலைக்கனை அமோனியா கலந்த நீரில் ஊறவைத்து, காற்றுப் படுமாறு அடிக்கடி கிளறிப் பல நாள் வைத்தால், அச்சேர்வைகள் சிதைந்து ஓர்சினால் என்னும் பொருளாகின்றன. ஓர்சினால் அமோனியாவோடும் காற்றிலுள்ள ஒட்சிசனோடுங் கூடி ஓர்சீன் என்னும் ஊதாச்சாயமாக மாறுகின்றது. முற்காலத்தார் அமோனியாவை அறியார். நாட்பட்ட சிறுநீரையே பயன்படுத்தினர். புளோரன்சு நகரத்து உருசெல்லாய் என்னும் வணிகக் குடும்பத்தார் இச்சாயத்தொழிலாற் செல்வம் பெற்று, சாயப்பாசியின் பெயரையே தங்குலப் பெயராகப் பெற்றனர் என்பது வரலாறு. கடற்சங்கிலிருந்து எடுத்த அரச ஊதாவை வாங்க இயலாதார்க்கு இப்பாறைப்பாசி தந்த ஊதாவே அணியாயிற்று.

இதே ஊறலிற் பொற்றாசுக் காரத்தையும் சுண்ணாம்பையுஞ் சேர்த்துப் புளிக்கவைத்தால் ஊதா நீலமாகின்றது. அதனைச் சுண்ணக்கட்டியோடு பிசைந்து சிறு கட்டிகளாக்கி விற்றவர் ஒல்லாந்தர். அக்கட்டியே லிற்மசு, நம் வழக்கிற் பாசிச்சாயம். அதன் மூலக்கூறு அமிலத்தில் ஐதரசன் அயனை ஏற்றுச் சிவக்கின்றது. காரத்தில் அதனை இழந்து நீலமாகின்றது. இம்மாற்றம் ஏறக்குறைய பீஎச் 4.5இற்கும் 8.3இற்கும் இடையில் நிகழ்கின்றது. இது நம் வீடுகளுக்குப் புதுமையன்று. ஆலாத்தித் தட்டில் மஞ்சள் நீரோடு சுண்ணாம்பைக் கலந்ததும் செந்நிறம் தோன்றுவதை யாவரும் கண்டிருக்கின்றோம். மஞ்சளும் காரத்தைக் காட்டும் ஒரு காட்டியே. நம் தாய்மார் ஆலாத்தித் தட்டிற் செய்வதையே ஆய்வுகூடத்திற் பாசிச்சாயம் செய்கின்றது. அன்றியும், உயிரியல் மாணவர் வெங்காய வேர்நுனியை நசுக்கி நிறமூர்த்தங்களைக் காண இடும் அசற்றோ-ஓர்சீனும் இவ்வழி வந்த சாயமே. ஒரு கடற்பாறை உயிர் இரசாயனவியலுக்கும் உயிரியலுக்கும் ஒருங்கே கண் கொடுத்திருக்கின்றது.

ஆனால் அவ்வுயிருக்கு நேர்ந்தது யாது? சாயத்தின் தேவை பெருகப் பெருகப் பாறைகள் மொட்டையாயின. கனேரித் தீவுகளிலும் கேப்பு வேட்டுத் தீவுகளிலும் ஏழை மக்கள் இடுப்பிற் கயிறு கட்டி மலைமுகட்டிலிருந்து கடலை நோக்கி இறங்கி, சாயப்பாசியைச் சுரண்டி எடுத்தனர். கயிறு அறுந்து மாண்டோரும் உளர். அங்கே அருகியதும் வணிகர் அங்கோலாவுக்குச் சென்றனர். பின்னர்ச் சன்சிபார், மொசாம்பிக்கு, மடகாசுக்கர் ஆகிய இடங்களுக்குச் சென்றனர். 19ஆம் நூற்றாண்டில் இலங்கையின் சாயப்பாசியும் இலண்டன் சந்தையில் இந்நாட்டின் பெயராலேயே விலைபோயிற்று. பல்லாண்டுகளாக வளர்ந்ததை ஒருநாளிற் சுரண்டி மூட்டையாகக் கட்டி எடைக்கு விற்றனர்.

இவ்விடத்து நம் நாட்டுச் சாயவேரை ஒப்புநோக்குதல் தகும். யாழ்ப்பாணத்திலும் மன்னாரிலும் மணற்பாங்கில் அகழ்ந்தெடுத்த சாயவேர், நம் சாயக்காரர்க்குச் செந்நிறத்தைத் தந்தது. ஒல்லாந்தர் ஆட்சியில் அரசிறைக்குரிய பண்டமாகவும் இருந்தது. சாயவேர் விதையிலிருந்து விரைவில் மீளும் சிறு பூண்டு. சாயப்பாசி அத்தகையதன்று. அதனைச் சுரண்டிய பாறை மறுபடி நிறைவதற்கு ஒரு தலைமுறை போதாது. இவ்விரு தொழில்களையும் வீழ்த்தியது செயற்கைச் சாயமே. 1856ஆம் ஆண்டில் வில்லியம் பேர்க்கின் என்னும் பதினெட்டு வயது மாணவன் நிலக்கரித்தாரிலிருந்து ஊதாச்சாயத்தைப் பெற்றான். 1868ஆம் ஆண்டளவிற் செவ்வேர்ச் சாயத்தின் சாரமும் ஆய்வுகூடத்தில் ஆக்கப்பட்டது. சாயப்பாசியைக் காத்தது சட்டமுமன்று, இரக்கமுமன்று. அதற்குச் சந்தையில் விலையின்மையே அதனைக் காத்தது. விலை மீண்டும் ஏறுமாயின் அதனைக் காக்க யாது உளது என்பதைச் சிந்தித்தல் வேண்டும்.

இலங்கையின் இலைக்கன்களை அறிஞர் எங்ஙனம் அறிந்தனர் என்பதையும் சிறிது கூறுதல் பொருந்தும். பேராதனைத் தாவரப் பூங்காவின் தலைவராக விளங்கிய துவைற்சு சேர்த்தனுப்பியவற்றை ஆராய்ந்து, இங்கிலாந்துப் பாதிரியாரான லெய்ற்றன் 1870ஆம் ஆண்டளவில் ஒரு பட்டியலை வெளியிட்டார். வட துருவக் கடலைக் கடந்து வந்த வேகா என்னுஞ் சுவீடன் கப்பல் 1879ஆம் ஆண்டின் இறுதியில் இலங்கையை அடைந்தபோது, அதன் வைத்தியரான அல்ம்குவிசுற்று இங்கு இலைக்கன்களைச் சேர்த்தார். அவற்றை ஆராய்ந்தவர் முற்கூறிய நைலாண்டரே. அவர் நூல் அவர் மறைவின் பின் 1900ஆம் ஆண்டில் வெளிவந்தது. நம் காலத்தில் இலங்கையரான கலாநிதி கோதமி வீரக்கோன் பல புதிய இனங்களை வெளிப்படுத்தி, 2015ஆம் ஆண்டில் இந்நாட்டு இலைக்கன்களைப் பற்றிப் படங்களோடு ஒரு நூலும் வெளியிட்டார். இலண்டன் இயற்கை வரலாற்று நூதனசாலையில் இலைக்கன் தொகுதியின் பொறுப்பாளராகவும் பணியேற்றார்.

இவ்வரலாறு ஒரு பாடத்தைப் புகட்டுகின்றது. 'அரிய இனம்' என்னுந் தொடர் இருபொருள் தரும். இயற்கையிலேயே அருகிய இனமும் உண்டு. பார்ப்பார் இன்மையால் ஏட்டில் அருகிய இனமும் உண்டு. ஆராய்ச்சியாளரின் கால்கள் பெரிதும் மலைநாட்டுக் காடுகளையே நாடின. அதனால் வறண்ட கரையின் பாறைகள் குறைவாகவே நோக்கப்பட்டன. ஓர் இனம் எவ்வகையில் அரியது என்று துணிவதற்கு, முதலில் ஒருவர் பாறையருகே குனிந்து பார்த்தல் வேண்டும்.

அங்ஙனம் குனிந்து பார்ப்பதற்குத் திருக்கோணமலையினும் வாய்ப்பான இடம் அரிது. கோணேசர் கோயில் கொண்ட சுவாமிமலையும், இராவணன் வெட்டின் செங்குத்துச் சுவர்களும், துறைமுகத்தைச் சூழ்ந்த முனைகளும் குவாட்சைற்று என்னும் வன்பாறையால் ஆனவை. மழையும் அலையும் எளிதில் கரைக்கமாட்டாத அப்பாறையில் வெள்ளை, சாம்பல், வெளிர்பச்சை ஆகிய நிறங்களிற் படர்ந்திருக்கும் வட்டங்களைக் கறையென எண்ணி நாம் கடந்து செல்கின்றோம். அவற்றுட் பல கறையல்ல, உயிர். நம் பாட்டனார் சிறுவராய் இருந்த நாளிலும் அவ்விடத்திலேயே இருந்த உயிராகவும் இருத்தல் கூடும்.

இலைக்கனால் தீங்கே இல்லை எனக் கூறுதல் உண்மையாகாது. அதன் இழைகள் கல்லின் நுண்ணிய வெடிப்புகளிற் புகுகின்றன. அது சுரக்கும் அமிலங்கள் கல்லை அரிக்கின்றன. கல்வெட்டிலும் சிற்பத்திலும் அது படருமிடத்துத் தொல்பொருளறிஞர் அதனை நீக்க நேரிடும்; அதனை அறிந்தவரே செய்தல் வேண்டும். கம்பித்தூரிகையாலுந் திராவகத்தாலும் தேய்ப்போர் இலைக்கனோடு எழுத்தையும் இழப்பர். ஆனால் எழுத்தற்ற இயற்கைப் பாறையில் அது நமக்கு நன்மையே செய்கின்றது. வெறுங் கல்லை மண்ணாக்கும் தொழிலை முதலில் தொடங்குவது அதுவே. காற்றின் தூய்மையைக் காட்டும் காட்டியும் அதுவே. பாரிசு நகரின் பிறவிடங்களில் அருகிய இலைக்கன்கள் அந்நகரின் ஒரு பூங்காவில் வளர்ந்திருப்பதைக் கண்டு, அவை காற்றின் தன்மையை அளக்கும் கருவி என்று 1866ஆம் ஆண்டிலேயே நைலாண்டர் எழுதினார். கரிப்புகையிலுள்ள கந்தகவீரொட்சைட்டு அவற்றுட் பலவற்றைக் கொல்லும் என்பது பின்னர்த் தெளிவாயிற்று. பாசிச்சாயத்தாள் கரைசலின் அமிலத்தைக் காட்டும். அதன் தாயினமோ வானத்தின் அமிலத்தைக் காட்டும்.

ஆதலின் ஆசிரியர்க்கும் மாணவர்க்கும் ஒரு சிறு பணியை முன்வைக்க விரும்புகின்றேன். கடற்கரைப் பாறைகளில் தம் பெயரை ஆணியாற் கீறுவதும் வர்ணத்தால் எழுதுவதும் நம் இளைஞரிடத்துக் காணப்படும் வழக்கம். அரை நாழிகையில் எழுதிய பெயர் சில மாரியில் மங்கிவிடும். அதன் கீழ் மாண்ட நூறாண்டு வளர்ச்சி மீளாது. இதனைத் தண்டனையாலன்றி அறிவாலேயே நிறுத்துதல் கூடும். பள்ளிக்கு அண்மையிலுள்ள ஒரு பாறையில், தெளிவான விளிம்புடைய ஐந்து இலைக்கன் வட்டங்களைத் தேர்ந்தெடுக்க. அவற்றை எண்ணிட்டு, ஆண்டுதோறும் தைமாதத்தில் ஒரே நாளில், ஒளிபுகு தாளை மேலே வைத்து விளிம்பை வரைந்து, அளவுகோலை அருகில் வைத்துப் புகைப்படமும் எடுக்க. நாள், ஈரப்பதம், நிறமாற்றம் ஆகியவற்றை ஒரு குறிப்பேட்டிற் பதிக. சுரண்டவோ பெயர்த்தெடுக்கவோ வேண்டா. செலவு ஒரு குறிப்பேடும் சில தாள்களுமே.

இதன் பயன் உடனே தோன்றாது. முதலாந் தரத்தில் ஒரு பிள்ளை பார்த்த வட்டம், அப்பிள்ளை பதின்மூன்றாந் தரத்தை முடித்து வெளியேறும்போது ஒரு விரல்நகத்தின் அகலம் விரிந்திருக்கும்; அவ்வளவே. ஆயினும் அக்குறிப்பேடு கல்லூரியில் இருக்கும். அடுத்து வரும் மாணவன் அதனைத் திறந்து, தனக்கு முன் வந்தவர் வரைந்த விளிம்புகளின்மேல் தன் விளிம்பை வரைவான். ஐம்பது ஆண்டுகளின் பின், இக்கரையில் எவை வளர்ந்தன, எவை மறைந்தன என்று கேட்பார்க்கு விடைகூற ஓர் ஏடு இருக்கும். பாசிச்சாயத்தாளைக் கையிற் கொடுக்கும்போதே இக்குறிப்பேட்டையும் மாணவனுக்குக் காட்டுவோமாக.